இரண்டு மாநிலங்களுக்கு நடுவில் ஆர்லேத்தா

தபால் வண்டி தெருமுனையில் திரும்பும் சத்தம் கேட்டதும் ஆர்லேத்தா பூக்கர் குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொள்வாள். உள்ளே அவளுக்கு ஒரு வேலையும் இருக்காது. குளியல் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்து, குழாயைத் திறந்துவிட்டு, தண்ணீர் ஓடுவதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். வண்டி வாசலில் நின்று, பெட்டியின் மூடி டப்பென்று விழுந்து, அடுத்த வீட்டுக்கு நகர்ந்த பிறகுதான் வெளியே வருவாள். "என்னம்மா, வயிறு சரியில்லையா?" என்று மகள் லட்ரீஸ் கேட்டால், "பாத்ரூம் போறதுக்கும் உங்கிட்ட சொல்லிட்டுத்தான் போகணுமாடி?" என்று பாய்வாள்.

மகள் மேசைமேல் போடும் தபால்களை அவள் தொடமாட்டாள். அடுப்படியில் நின்றபடியே ஓரக்கண்ணால் பார்ப்பாள். பளபளவென்று பீட்சாக் கடை விளம்பரமாக இருந்தால் மூச்சு வரும். மின்சாரக் கட்டணச் சீட்டாக இருந்தாலும் மூச்சு வரும். வாட்டர்லூ ஊரிலேயே மின்சாரச் சீட்டைப் பார்த்து நிம்மதி அடைகிற ஒரே பெண்மணி இவளாகத்தான் இருக்க வேண்டும். நீளமான வெள்ளை உறை, விலாசம் தெரிகிற மாதிரி அதில் ஒரு கண்ணாடித்தாள் சன்னல், அதுதான் அவளுக்கு எமன். அரசாங்கம் அப்படித்தான் எழுதும். மிசிசிப்பியில் இருந்த பழைய வீட்டுக்கு வரும் தபாலையும் இங்கே திருப்பிவிடச் சொல்லி லட்ரீஸ் ஏற்பாடு செய்திருந்தாள். உபகாரமாக நினைத்துத்தான் செய்தாள், பாவம்.

ஆர்லேத்தாவுக்கு ஐம்பத்தைந்து வயதிருக்கும். அகலமான உடம்பு, அகலமான பாதம், அதில் எப்போதும் துடைத்த வெள்ளை நிறக் காலணி. முதியோர் இல்லங்களில் நர்சிங் உதவியாளராக இருப்பதைத் தவிர வேறு வேலை பார்த்தவள் இல்லை. குளிப்பாட்டுவது, ஊட்டுவது, புரட்டிப் படுக்கவைப்பது, கழிப்பறைக்குக் கூட்டிப்போவது, செத்தவர்களுக்குத் தலை வாரிவிடுவது எல்லாம் அதில் சேர்த்தி. மிசிசிப்பியில் டூரான்ட் என்ற சின்ன ஊரில் பிறந்து, அங்கேயே வேலை பார்த்து, போன கோடை முடிவில் பெட்டியைக் கட்டிக்கொண்டு வடக்கே அயோவாவுக்கு மகளிடம் வந்து சேர்ந்தாள். அவள் ஊர்க்காரர்கள் தலைமுறை தலைமுறையாக ரயிலேறி வந்து குடியேறிய ஊர்தான் வாட்டர்லூ. ஆற்றுக்குக் கிழக்கே எந்தத் தேவாலயத்தில் நுழைந்தாலும், "நீ யார் வீட்டுப் பொண்ணு?" என்று கேட்க ஒரு அத்தை இருப்பார். அதனால் ஊர் அவளுக்குப் புதுசாக இல்லை. பனியும் சட்டமும்தான் புதுசு.

இங்கேயும் ஒரு முதியோர் இல்லத்தில் அதே வேலைதான். வேலையில் அவளைப் பார்க்க வேண்டும். கதவைத் தட்டாமல் எந்த அறைக்குள்ளும் போகமாட்டாள், உள்ளே இருப்பவர் நினைவு தப்பிக் கிடந்தாலும். துண்டைத் துணி உலர்த்தும் எந்திரத்தில் சூடாக்கி எடுத்துவந்த பிறகுதான் யாருடைய சட்டைப் பொத்தானிலும் கைவைப்பாள். காலுறை போட்டுவிடும்போது கால்களோடு பேசுவாள். "வாங்க இடது காலு, ராத்திரி தூக்கமெல்லாம் எப்படி? வலது காலு என்ன மொறைக்கிறாரு? ஒங்க முறையும் வரும், பொறுங்க." பல மாதமாக வாய்திறக்காத ஒரு கிழவி, ஒருநாள் தன் வலது காலை முதலில் நீட்டி, "இவருக்குத்தான் அவசரமாம்" என்றாளாம்.

ஒரே ஒரு விஷயத்தில் இடித்தது. தெற்கே எல்லோரும் தங்கம்தான், கண்ணுதான், ராசாதான். இங்கே வந்த வாரமே தலைமை நர்ஸ் கேரன் அவளைக் கூப்பிட்டு, "இங்க அப்படிக் கூப்பிடக் கூடாது ஆர்லேத்தா. மாநிலத்துலேர்ந்து பார்வையிட வர்றவங்க மரியாதைக் குறைவுன்னு எழுதிடுவாங்க. மிஸ்டர், மிசஸ் போட்டுப் பேரச் சொல்லுங்க" என்றார்.

"சரிங்க மேடம்."

"என்னையும் மேடம்னு சொல்ல வேணாம். கேரன்னே கூப்பிடுங்க."

"சரிங்க மேடம்."

அன்றிலிருந்து வாயைக் கடிவாளம் போட்டுப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். 'தங்' வரைக்கும் வந்துவிட்டதை விழுங்கி, 'மிசஸ் ஹார்ம்ஸ்' என்று முடிப்பாள். மிசஸ் ஹார்ம்ஸோ, "முதல் வாரம் என்னமோ கூப்பிட்டியே, அது நல்லாத்தானே இருந்துச்சு?" என்று குறைப்பட்டுக்கொள்கிறார்.

இனி அவளுடைய பயத்துக்கு வருவோம். இங்கே நாடு ஒன்றுதான், அடுப்பு மாநிலத்துக்கு ஒன்று. மிசிசிப்பியில் ஒரு மனுஷனைப் புண்படாமல் புரட்டத் தெரிந்தவளுக்கு அயோவாவில் அது தெரியும் என்று யாரும் தானாக நம்பிவிடமாட்டார்கள். ஒவ்வொரு மாநிலமும் தன் உதவியாளர்களின் பெயர்களை ஒரு பதிவேட்டில் வைத்திருக்கும். இடம் மாறினால் புது மாநிலம் பழைய மாநிலத்திடம் கேட்கும்: இவள் உங்கள் ஆள்தானா, ஒழுங்கானவளா, இவள் கையில் யாராவது கஷ்டப்பட்டிருக்கிறார்களா? பழைய மாநிலம் 'குறை ஒன்றுமில்லை' என்று பதில் போட்டால் பெயர் ஏறும். பதில் வரும்வரை நான்கு மாதம் வேலை பார்க்கலாம். அதற்குள் பெயர் ஏறாவிட்டால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். பெயருக்குப் பக்கத்தில் 'கவனக்குறைவால் ஒருவருக்குத் தீங்கு' என்று ஒரு வரி ஏறிவிட்டாலோ, ஐம்பது மாநிலத்திலும் எந்த முதியோர் இல்லமும் வாசலில்கூட நிற்கவிடாது. அந்த வரி ஏறினால் இறங்காது.

ஆர்லேத்தா வேலைக்குச் சேர்ந்த அன்று கேரன் கணினியில் பார்த்தபோது எல்லாம் சுத்தமாக இருந்தது. அன்றைக்கு, என்று சேர்த்துச் சொல்ல வேண்டும். அதற்குப் பிறகு என்ன ஏறியதோ. அவளுக்குப் பிறகு வந்த பெண்களின் பெயரெல்லாம் ஏறிவிட்டது. இவளுக்கு மட்டும் மூன்று மாதமாகப் பதிலே இல்லை.

அந்தப் பதிவேடு பூட்டி வைத்ததும் அல்ல. யார் வேண்டுமானாலும் கைப்பேசியில் பெயரைத் தட்டிப் பார்க்கலாம். பின்வாசலில் அவளோடு நின்று சிகரெட் பிடிக்கும் செனாடா இதைத் தினமும் சொல்லிக்காட்டுவாள். செனாடா பாஸ்னியாக்காரி. போருக்குத் தப்பி, சின்னப் பெண்ணாக இந்த ஊருக்கு வந்தவள். அரசாங்கத்துக் காகிதம் என்றால் அவளுக்கு அலட்சியம்.

"பேரச் சொல்லு, ஒரு நிமிஷம், இப்பவே பாத்துடலாம்."

"வேணாம்."

"நான் பாக்கறேன். நீ திரும்பி நில்லு. நல்லதுன்னா சொல்றேன்."

"சொல்லலேன்னா கெட்டதுன்னு தெரிஞ்சுபோயிடும்ல?" ஆர்லேத்தா தன் அகலமான கையை அந்தக் கைப்பேசியின் மேல் வைத்து அப்படியே மூடினாள். "உனக்குப் புண்ணியமாப் போகும், உள்ள வை."

செனாடா புகையை ஊதிவிட்டு அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். "இவ்ளோ பயப்படுற ஆளு ஏதோ பண்ணியிருக்கணும். போன வருஷம் இங்க ஒருத்தி இருந்தா. விசாரணைன்னு சொன்னதும் வேலைய விட்டுட்டு ஓடிட்டா. விட்டுட்டா முடிஞ்சுதுன்னு நெனப்பு. ஆளு போனா புகாரும் போயிடுமா? அவ இல்லாமலே விசாரிச்சாங்க, அவ இல்லாமலே எழுதிட்டாங்க. இப்ப கோழி வெட்டுற ஆலையில நிக்கிறா."

ஆர்லேத்தா சாப்பிட்டுக்கொண்டிருந்த சோள ரொட்டியைக் காகிதத்தில் மறுபடி மடித்து வைத்தாள். அவள் செய்ததும் அச்சு அசலாக அதேதான்.

டூரான்ட் முதியோர் இல்லத்தில் ராஸ்கோ டில்லரி என்று ஒருவர் இருந்தார். கெளுத்தி மீன் பண்ணை லாரி ஓட்டி ஓய்ந்தவர். புத்தி கத்தி மாதிரி, கால்தான் செத்துப்போயிருந்தது. அவரைக் கட்டிலிலிருந்து எடுக்க இரண்டு பேர் வேண்டும், தூக்கும் எந்திரமும் வேண்டும் என்று அவர் அறைக்கதவின் உட்புறத்திலேயே எழுதி ஒட்டியிருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடத்தில் தேவாலயப் பாடகர் குழு வந்து இறங்கிவிட்டது. ராஸ்கோ விடிந்ததிலிருந்து கழுத்தில் டை கட்டித் தயாராகப் படுத்திருக்கிறார். இல்லத்தின் இரண்டு பகுதிக்கும் சேர்த்து இருந்த ஒரே எந்திரம் வழக்கம்போல மின்னேற்றப்படாமல் கிடந்தது. கூட இருக்க வேண்டியவள் சாப்பிடப் போயிருந்தாள். "பொண்ணு, முதல் பாட்டு போச்சுன்னா எனக்கு அந்த வாரமே போச்சு" என்றார் ராஸ்கோ.

அவர் இடுப்பில் பெல்ட்டைக் கட்டி, முழங்காலோடு முழங்காலை அணைத்து, அந்தக் காலத்து முறையில் ஒற்றையாளாகத் தூக்கினாள். பாதியில் அவர் கால் மடங்கியது. தன் தொடைமேல் சாய்த்து மெதுவாகத் தரையில் இறக்கிவிட்டாள். பூப்போலத்தான் இறக்கினாள். ஆனால் அந்தத் தொழிலில் பூப்போல இறக்கினாலும் அதற்குப் பெயர் 'விழுந்தது'தான். விழுந்தவரை நர்ஸ் வந்து பார்க்கும்வரை யாரும் அசைக்கக் கூடாது. அது பயிற்சியின் முதல் வாரத்தில் சொல்லித்தருவது. ஆர்லேத்தா கதவுக்கு வெளியே எட்டிப் பார்த்தாள். பாட்டு ஆரம்பித்துவிட்டது. அவரை அள்ளி எடுத்துச் சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு ஓடினாள். போகும்போது இருவரும் பள்ளிக்கூடத்தை ஏமாற்றிய பிள்ளைகளைப் போலச் சிரித்தார்கள். ராஸ்கோ எல்லாப் பாட்டுக்கும் கைதட்டினார்.

மறுநாள் குளிப்பாட்டும்போது அவர் இடுப்பு கறுத்துக் கிடந்தது. அவளே போய் நர்ஸைக் கூப்பிட்டு வந்தாள். "இது எப்படி ஆச்சு?" என்று நர்ஸ் கேட்டபோது ஆர்லேத்தாவுக்கு நாக்கு எழும்பவில்லை. எலும்பில் மயிரிழை விரிசல் என்று எக்ஸ்ரே படம் சொன்னது. 'விசாரணை முடியும்வரை வேலைக்கு வர வேண்டாம்' என்று அனுப்பிவிட்டார்கள். விசாரணைக்கு உட்காரும் முன் வேலையை விட்டுவிட்டால் எல்லாம் அடங்கிவிடும் என்பது அந்த வேலையில் இருக்கும் பெண்கள் காலங்காலமாக ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளும் யோசனை. அவளும் தொலைபேசியில் வேலையை விட்டாள். ராஸ்கோவிடம் சொல்லிக்கொள்ளவில்லை. கூட வேலை பார்த்த உயிர்த்தோழி க்ளோடீனிடமும் சொல்லிக்கொள்ளவில்லை. அயோவாவின் விண்ணப்பத்தில் 'உங்கள் மீது விசாரணை ஏதும் நிலுவையில் உள்ளதா?' என்ற கேள்விக்கு நேராக, நல்ல மனசோடு, 'இல்லை' என்று குறியிட்டாள்.

செனாடாவின் பேச்சுக்குப் பிறகு அந்த நல்ல மனசு போய்விட்டது. இப்போது தீங்கு செய்தவள் என்ற பயத்தோடு பொய் சொன்னவள் என்ற பயமும் சேர்ந்துகொண்டது. தலைமை நர்ஸ் நடைபாதையில் எதிர்ப்பட்டால் துணிக்கூடைக்குள் தலையை விடுவாள். ஒலிபெருக்கியில் யார் பெயர் வந்தாலும் தன் பெயராகக் கேட்கும். சாப்பாட்டுப் பெட்டி, மாற்றுக் காலணி எல்லாவற்றையும் தன் அலமாரியிலிருந்து ஒவ்வொன்றாக வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டாள். போகச் சொல்லும் நாளில் பையைத் தூக்கிக்கொண்டு எல்லோர் முன்னாலும் நடக்க வேண்டாம் பாருங்கள்.

பயம் கைக்கும் இறங்கியது. வெர்லின் ஹார்ம்ஸ் என்ற நெட்டையான விவசாயி, மிசஸ் ஹார்ம்ஸின் கணவர், அதே அறையில் அடுத்த கட்டில். அவருக்கும் இரண்டு பேர், எந்திரம். ஒரு பிற்பகல் அழைப்பு மணி அடித்தார். "கொஞ்சம் அவசரம்" என்றார். அந்த ஊர் ஆண்கள் 'கொஞ்சம் அவசரம்' என்றால் வீடு தீப்பிடித்திருக்கிறது என்று பொருள். எந்திரம் கையருகே நின்றது. இரண்டாவது ஆள் இல்லை. செனாடா மறுபகுதியில் ஒருவரைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தாள்.

"ஆள் வருது மிஸ்டர் ஹார்ம்ஸ். இதோ வந்துடும்."

"பாத்ரூம் அஞ்சு எட்டு தூரந்தான். நான் உன்னப் பிடிச்சுக்கறேன்."

"முடியாதுங்க. ரெண்டு பேர் வேணும்."

"நீ பலசாலி பொம்பள."

"முடியாதுங்க, மிஸ்டர் ஹார்ம்ஸ்." வாசலுக்கும் கட்டிலுக்கும் நடுவில் அவள் நின்றாள். செனாடாவின் பெயரைச் சொல்லி நடைபாதையில் கத்தினாள். கைகள் இரண்டையும் பின்னால் கட்டிக்கொண்டாள், அவை தாமாக நீண்டுவிடுமோ என்று. வெர்லின் அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை. முகத்தைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். போர்வையில் ஈரம் பரவுவதை ஆர்லேத்தா பார்த்தாள். கட்டின மனைவி அடுத்த கட்டிலில் கண்ணை மூடிக்கொண்டு தூங்குவது போலப் படுத்திருந்தார்.

"பரவாயில்ல" என்றார் வெர்லின், சன்னலைப் பார்த்தபடியே. "பனி நின்னுடுச்சு போல."

மாற்றிவிடும்போது அவருடைய கால்களோடு அவள் பேசவில்லை. வெட்கமாக இருந்தது. தன் வாழ்க்கையில் எத்தனையோ பேரின் ஈரத் துணியை மாற்றியிருக்கிறாள், ஒருபோதும் அது அவள் செய்த காரியமாக இருந்ததில்லை. அன்று மாலையே கேரன் அவளைத் தேடிவந்து தோளைத் தட்டினார். "கேள்விப்பட்டேன். ரெண்டு பேர் இல்லாம தொடமாட்டேன்னு நின்னீங்களாமே. மத்தவங்களுக்கும் இதத்தான் சொல்லிட்டிருக்கேன்." ஆர்லேத்தா சரிங்க மேடம் என்றாள். அந்தப் பாராட்டு அவளை ஏச்சைவிட மோசமாகத் தைத்தது.

நான்காவது மாதம் முடியப்போகும் வாரத்தில் ஒலிபெருக்கியில் அவள் பெயரே வந்தது. கையுறையைக் கழற்றினாள். கை கழுவினாள். கழுவிய கையை மறுபடி கழுவினாள். செனாடா வழியில் பார்த்து, "நானும் வரவா?" என்றாள். வேண்டாம் என்று தலையசைத்துவிட்டுப் போனாள்.

கேரன் கணினியிலிருந்து கண்ணை எடுக்காமலே, "உங்க பேர் ஏறிடுச்சு ஆர்லேத்தா. இனிமே நீங்க எங்க ஆளு" என்றார்.

ஆர்லேத்தா நின்றுகொண்டே இருந்தாள். "வேற ஒண்ணும் எழுதலீங்களா மேடம்?"

"வேற என்ன எழுதணும்?"

"நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

கேரன் சிரித்துவிட்டுத் திரையை அவள் பக்கம் திருப்பினார். அவள் பெயர் இருந்தது. ஒழுங்காக இருப்பவள் என்று இருந்தது. தீங்கைப் பற்றி எழுதும் இடம் வெறுமையாக இருந்தது. "ஏதோ ஒரு புகார் முடியாம கெடந்துருக்கு, அதான் தாமதம். நிரூபணம் ஆகலன்னு மூடிட்டாங்க. இந்த வேலைல யாருக்குத்தான் புகார் இல்ல" என்றார் கேரன். ஆர்லேத்தா அந்த வெறுமையான இடத்தையே பார்த்தாள். அங்கே என்ன இருக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். நான்கு மாதமாக அந்த வரியை மனசுக்குள் அவளே எழுதி எழுதிப் படித்தவள். எழுதாமல் விட்டது யார் என்று நினைத்ததும், போன பயம் வேறு வாசல் வழியாகத் திரும்பி வந்தது. ராஸ்கோ செத்துப்போயிருப்பாரோ? சாட்சி சொல்ல ஆளில்லாமல் மூடிவிட்டார்களோ?

வியாழக்கிழமையும் வெள்ளிக்கிழமையும் தொலைபேசியை எடுத்து எடுத்து வைத்தாள். லட்ரீஸ் வாங்கிவந்த கேக்கில் 'வாழ்த்துகள் அம்மா' என்று எழுதியிருந்தது. ஒரு துண்டு தின்றுவிட்டு மீதியை மூடிவைத்தாள். ஞாயிற்றுக்கிழமை மதியம், மகள் கடைக்குப் போன நேரத்தில், சமையலறை நாற்காலியில் உட்கார்ந்து க்ளோடீனை அழைத்தாள். டூரான்டில் க்ளோடீன் அப்போது வேலையில் இருப்பாள் என்று தெரிந்துதான் அழைத்தாள்.

"உயிரோட இருக்கியாடி?" என்றாள் க்ளோடீன். "சொல்லாம கொள்ளாம போனியே, நான் செத்தனா இருந்தனான்னு கேட்டியா?"

"திட்டு. அப்புறம் திட்டு. மிஸ்டர் ராஸ்கோ இருக்காரா?"

"இருக்காரே. எங்க போவாரு?"

ஆர்லேத்தா கண்ணை மூடிக்கொண்டாள். "விசாரணைக்கு வந்தாங்களா?"

"வந்தாங்க. மாநிலத்துலேர்ந்து ஒரு அம்மா வந்து அவர்கிட்ட ஒரு மணி நேரம் உக்காந்துச்சு. அவரு என்ன சொன்னாரு தெரியுமா? 'நானா எந்திரிச்சேன், நானா விழுந்தேன், அந்தப் பொண்ணு ரூம்லயே இல்ல'ன்னுட்டாரு. திருப்பித் திருப்பிக் கேட்டாங்க. மனுஷன் அசையல."

ஆர்லேத்தா தொலைபேசியை மறு காதுக்கு மாற்றினாள்.

"கேக்குதா? அதுல வந்த வினைதான் இப்ப," என்று க்ளோடீன் குரலைத் தணித்தாள். "தானா எந்திரிக்கிற ஆளுன்னு எழுதிட்டாங்க. நாற்காலில ஒரு மெத்தை போட்டிருக்காங்க, அதுல மணி. லேசா அசைஞ்சாலே கத்தும். ரூமயும் மாத்திட்டாங்க, நர்சுங்க மேசைக்கு நேர் எதிர. கதவு சாத்தக் கூடாது. போறவன் வர்றவன்லாம் எட்டிப் பாக்கறான். பாட்டுக்குக்கூட இப்ப வர்றதில்ல. நடுவுல கத்தித் தொலையுதுன்னு அவரே வேணாம்னுட்டாரு."

"அவர்கிட்ட குடு."

நடக்கிற சத்தம், சக்கரம் உருளும் சத்தம், யாரோ இருமும் சத்தம், க்ளோடீன் வேலைக்குத் திரும்பிப் போகும் காலடி. பிறகு அந்தக் குரல், கொஞ்சம் மெலிந்து, ஆனால் அதே குரல்தான். "யாரு, பூக்கர் பொண்ணா? அங்க பனின்னு சொல்றாங்களே, மூக்கு இருக்கா விழுந்துடுச்சா?"

"இருக்குங்க, மிஸ்டர் ராஸ்கோ." அவள் மறுகையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "ஏன் அப்படிச் சொன்னீங்க?"

"எப்படிச் சொன்னேன்?"

"நீங்களா எந்திரிச்சீங்கன்னு. நான் இல்லேன்னு. நாந்தானே உங்கள..."

"கத்தாத. எனக்குக் காது நல்லாக் கேக்கும், காலுதான் கேக்காது. அந்தம்மா வந்து என்னக் கேட்டுச்சு. என் இடுப்பு, நான் சொல்றதுதான் கணக்கு. அன்னிக்கி பாட்டுக்குப் போகணும்னு கேட்டது யாரு? நீயா?"

"நான் இப்பவே எழுதிப் போடறேன். நான் பண்ணினதச் சொல்லிடறேன். அந்த மணிய எடுத்துருவாங்க."

"எழுதி, என்னப் பொய்யனாக்கப் போறியா இந்த வயசுல?" அவர் சிரித்தார். சிரிப்பு இருமலானது. "வேலைக்குப் போறியா இல்லையா, அதச் சொல்லு."

"போறேன்."

"பேரு ஏத்திட்டாங்களா?"

"ஏத்திட்டாங்க."

"ஆங். அதான் வேணும். இரு, தண்ணி அந்தாண்ட வெச்சுட்டா இவ..."

அவர் எட்டியிருக்க வேண்டும். தொலைபேசிக்குள் அந்த மணி வீறிட்டது. சமையலறை முழுக்க, விட்டுவிட்டு, நிற்காமல் வீறிட்டது. அதற்கு மேல் அவர் ஏதோ சொல்வது கேட்டது, என்னவென்று புரியவில்லை. யாரும் ஓடிவரும் காலடி கேட்கவில்லை.

லட்ரீஸ் கடையிலிருந்து திரும்பிக் கதவைத் திறந்தபோது அம்மா சமையலறை நடுவில் நின்றிருந்தாள். தொலைபேசி தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுங்கியிருந்தது. கால்களை அகட்டி, முழங்கால்களை மடித்து, எதிரே யாருமில்லாத இடத்தில், ஓர் ஆள் இடுப்பளவு உயரத்தில், இரண்டு கைகளையும் நீட்டிப் பிடித்திருந்தாள்.